குளிர் உடுப்பு வாடகைக்கு

எங்கள் வீட்டில் மூன்றாவது அறை
ஆட்களுக்கு இல்லை.
முப்பத்தாறு குளிர்க்கோட்டுகள் அங்கே குடியிருக்கின்றன,
செந்தூலில், பதினோராம் மாடியில்,
பிற்பகல் மூன்று மணிக்குச் சுவரே வியர்க்கும் வீட்டில்.
ஏசி அவற்றுக்கு. எங்களுக்கு மின்விசிறி.
கரண்டு பில் வரும் நாளில் இளங்குமரன்
அந்த அறை வாசலில் நின்று
"மகாராஜாக்களே, சுகமா?" என்று கும்பிடுவார்.

இந்த ஊரின் பருவங்கள் எனக்கும் தெரியும்:
வெயில், மழை, இரண்டும் ஒன்றாக, புகைமூட்டம், டுரியான்.
என் பிழைப்பு வேறு பஞ்சாங்கத்தில் ஓடுகிறது.
விமான டிக்கெட் மலிவாகும் நள்ளிரவு,
பள்ளி விடுமுறை,
கொரியாவில் இலை சிவக்கிற வாரம்.
நவம்பர் பிறந்தால் கைப்பேசி ஓயாது.
அக்கா, ஆறு வயசுக்குச் சிவப்பு இருக்கா?
மிஸ் லோ, சப்போரோ, நாலு செட்டு.
ஃபவுசியா குடும்பம், கையுறை ஏழு ஜோடி,
அதில் ஒன்று கைக்குழந்தைக்கு.
நாளைக்கு எட்டு வெள்ளி. டெபாசிட் ஐம்பது.

ஜனவரியில் எல்லாம் வீடு திரும்பும்.

துவைப்பதற்கு முன் பாக்கெட்டுகளைத் துழாவுவேன்.
நடுவில் ஓட்டை போட்ட காசு,
உருகி ஒட்டிய மிட்டாய்,
ஒருமுறை ஒற்றைத் தோடு. ஆளைத் தேடிப் பிடித்துக் கொடுத்தேன்.
மிட்டாயைக் கேட்டு யாரும் வரவில்லை.

பிறகு பூசணத்தோடு சண்டை.
இரண்டு நாள் அசந்தால் போதும்,
கம்பளிக்குச் சாம்பல் பொட்டு வைத்துவிடும்.
மேல்துணி காய்ந்தால் ஆகாது,
உள்ளே அடைத்த வாத்து இறகும் காயவேண்டும்,
அதை மோந்துதான் கண்டுபிடிக்கணும்.
ஈரம் உறிஞ்சும் பொட்டலம் இரண்டு, அந்துருண்டை ஒன்று,
பிளாஸ்டிக் பையில் போட்டு
வேக்குவம் குழாயைச் செருகினால்
யானைக்குட்டியாய் நின்ற கோட்டு
அப்பளமாகிப் படுத்துக்கொள்ளும்.
பைக்கு ஓர் அட்டை.
போய்வந்த ஊர்களை அதில் எழுதிவைப்பேன்.

நான் பனியைப் பார்த்ததில்லை.
ஆனால் பனியில் நடந்த கோட்டு எதுவென்று சொல்வேன்:
கைநுனி அழுக்காக இருக்கும், அக்குள் புதிதாக இருக்கும்.
முகர்ந்தால் இரும்பும் ஐஸ்பெட்டியும் கலந்த ஒரு வாடை.

போன டிசம்பரில் அருளாந்து அண்ணன் வந்தார்,
ரயில் பட்டறையில் முப்பது வருஷம் இருந்தவர்.
கிளாஸ்கோவில் மகன். கிறிஸ்மஸுக்குப் பத்து நாள்.
நீலக் கோட்டைப் போட்டு, ஜிப்பைத் தாடைவரை ஏற்றி,
என் கண்ணாடி முன்னால்
திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டார்.
"நல்லாருக்கு. பையன் சிரிப்பான்."

சொன்ன தேதியில் கொண்டுவந்தார்.
இஸ்திரி போட்ட சட்டைபோல மடித்து,
துண்டில் கட்டி, வாடகையைச் சில்லறை இல்லாமல் எண்ணி.
"பனி இருந்துச்சாண்ணே?"
"முழங்கால் வரைக்கும்."

காலரில் வெள்ளையாய் ஓர் உப்புக்கோடு.
அக்குளில் இரண்டு.
பாக்கெட்டில் நம்ம பெட்ரோல் நிலையக் கடையின் ரசீது:
ரொட்டி, மெகி மூன்று,
இருபத்தைந்தாம் தேதி, அதிகாலை இரண்டு நாற்பது.

ரசீதை நாலாக மடித்தேன். எட்டாக. பதினாறாக.
அதற்குமேல் அது மடியவில்லை.

கோட்டை இரண்டு தடவை அலசினேன்.
ஏன் இரண்டு தடவை என்றார் இளங்குமரன்.
"கிளாஸ்கோ அழுக்கு. லேசில் போகாது."

அட்டையில் சியோல், மணாலி, மறுபடி சியோல்.
அதன் கீழே எழுதினேன்.
பேனா நடுவில் மை விட்டது,
உதறி, மேலேயே இன்னொரு முறை எழுதினேன்.

நேற்று ஒரு பெண், அப்பாவை முதல்முறை
வெளிநாடு கூட்டிப் போகிறாளாம்.
நீலத்தைத் தடவிப் பார்த்து, குளிர் தாங்குமா என்றாள்.
"கிளாஸ்கோ போய்வந்த கோட்டு" என்றேன்,
"முழங்கால் வரைக்கும் பனி."