பத்தாவது தோட்டா

தேர்தல் முடிந்த எட்டாம் நாள்
புலிகேசி நகர் ஸ்டேஷனில் கையெழுத்துப் போட்டு
என் மவுசரைத் திரும்ப வாங்கினேன்.
சணலை அவிழ்த்தபடி ரைட்டர் கேட்டார்,
"ஓட்டு எண்ணியாச்சே மேடம்,
இனிமே யாரைச் சுடப் போறீங்க?"
லேபிளில் ஃபிலோமினா தங்கதுரை.
அதற்குக் கீழே 'நாட்டுத் துப்பாக்கி' என்று எழுதி, அடித்து,
'ஜெர்மன், பழசு' என்று திருத்தியிருந்தது.

இதன் பிடிக்கு உலகம் வைத்த பெயர் துடைப்பக்கட்டை.
நம்மூரில் ஒருத்தரை அப்படிச் சொன்னால்
அடி விழும்.
உருண்டை மரம், நெடுக வரிகள்,
பிடித்து நின்றால் குழாயடிச் சண்டைக்குப்
புறப்பட்டவள் மாதிரிதான் இருப்பேன்.

ஆனால் கழற்றிப் பாருங்கள்.
அந்த மரத்தைப் பிடித்திருக்கும் ஒன்றைத் தவிர
உள்ளே திருகாணியே கிடையாது.
ஒன்றின் தோளில் ஒன்று,
ஒன்றின் இடுக்கில் இன்னொன்று,
கடைசித் துண்டு 'க்ளக்' என்றால்தான்
முதல் துண்டு நிற்கும்.
முதன்முதலில் கழற்றிய ஞாயிறன்று
திரும்பச் சேர்க்க மூன்று மணி நேரம்.
குக்கர் கத்திக் கத்தி அடங்கியது.
ஒரு மனிதன் இவ்வளவு அழகாக யோசித்திருக்கிறானே என்று
கண் கலங்கிவிட்டது எனக்கு.
எதற்காக யோசித்தான் என்பது
சாப்பிடும்போதுதான் ஞாபகம் வந்தது.

பின்குறியில் எண்கள். ஐம்பதில் தொடங்கி
ஆயிரம் வரை.
ஆயிரம் மீட்டர்!
காக்ஸ் டவுன் மார்க்கெட்டில் நின்றால்
தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம், எங்கேயோ.
அங்கே நிற்பவன் அரிசிமணியிலும் சின்னவன்,
மூக்கைச் சிந்துகிறானா, கும்பிடுகிறானா, தெரியாது.
அவனுக்கும் ஓர் எண் பொறித்து வைத்திருக்கிறார்கள்.
எல்.ஐ.சி.யில் இறப்புக் கோரிக்கைப் பிரிவு, பத்தொன்பது வருஷம்.
எண்கள் எப்போது பெருமையடிக்கும்
என்று எனக்குத் தெரியும்.

யெலஹங்கா தாண்டி எங்கள் ரேஞ்சில்
இருபத்தைந்து மீட்டர்தான்.
ஒரு தகட்டில் பத்துத் தோட்டா.
மவுசு போன சரக்கு, அதனாலேயே
ஒவ்வொன்றும் ஒரு ஜோடி நல்ல செருப்பின் விலை.
கட்டைவிரலால் அழுத்த, வரிசையாக இறங்கின.
தகட்டை உருவியதும் தானே மூடிக்கொண்டது.

முதல் சூடு அட்டைக்கு மேலே, மண்மேட்டில்.
கிட்டத்தில் இருப்பவர்களை மதிக்காத துப்பாக்கி இது.
கறுப்பு வட்டத்தின் காலடியைப் பார்த்துச் சுட்டால்
நெஞ்சில் போய் விழுகிறது.
மணிக்கட்டில் ஆட்டுக்குட்டி முட்டுகிற மாதிரி ஓர் உதை,
சூடான எண்ணெய் வாசனை,
காலி உறை ஒன்று காலருக்குள் விழுந்து சுட்டது.
ஆறு, ஏழு, எட்டு.
ஒன்பதாவது நட்டநடுவில்.
"அம்மாடி" என்றேன், சத்தமாகவே.

பத்தாவது,
டிக்.

"முனையை அசைக்காதீங்க" என்றார் கரும்பய்யா.
"அறுபது எண்ணுங்க."
பழைய மருந்து சில சமயம்
யோசித்து முடிவெடுக்கும்.
எண்ணினேன்.
ஏழில் வியர்வை மூக்குநுனிக்கு வந்தது.
இருபதில் விமானப்படைத் தளத்திலிருந்து ஏதோ கிளம்பியது.
முப்பத்தொன்றில் ஓர் ஆள்காட்டி
மண்மேட்டில் இறங்கி, நடந்து,
நேராக என் குறிமுனைக்கு மேல் நின்றது.
விரட்ட வாயைத் திறந்தால் எண்ணிக்கை தவறும்.
முப்பத்தெட்டு. முப்பத்தொன்பது.
இத்தனை நாள் கையில் ஒரு இயந்திரம் இருந்தது.
நாற்பதில் அது துப்பாக்கியானது.
கை நடுங்கவில்லை,
அதுதான் பயமாக இருந்தது.
நாற்பத்தாறில் பறவை தானாகவே
கத்திக்கொண்டு பறந்து போனது.
மிச்சத்தையும் எண்ணினேன்.

பின்னால் இழுத்ததும் தோட்டா துள்ளி
மேசையில் உருண்டது.
அடியில் சின்னதாய் ஒரு பள்ளம்,
காது குத்த வந்தவர்
பாதியில் எழுந்து போன மாதிரி.

பதிவேட்டில் மூன்று கட்டம்:
கொண்டுவந்தது பத்து.
சுட்டது ஒன்பது.
மீதம்?
"மீதம்னா மறுபடி சுடலாம்னு ஆயிடும்" என்றார் கரும்பய்யா.
"அப்போ சுட்டதிலேயே சேர்த்துடவா?"
"சுடலையே."
பேனா மூடியைக் கடித்தபடி
இருவரும் அந்தக் கட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம்.
வெளியே அது இன்னும்
யாரையோ காட்டிக் காட்டிக்
கத்திக்கொண்டிருந்தது.