நான்காம் எதிர்மனுதாரர்

கட்டாக் உயர் நீதிமன்றம். நாற்பத்து மூன்றாவது வழக்கு.
மயக்கவியல் மேற்படிப்பு, இருப்பது ஒரே இடம்.
அதில் ஏற்கெனவே என் பெயர்.

மனுதாரர் இதிஸ்ரீ கடநாயக்,
மூன்றாண்டு அக்கரையில் வேலை பார்த்தவள்.
எட்டாத ஊர் என்றால் ஆண்டுக்குப் பத்து விழுக்காடு கூடும்.
எட்டும் ஊர்தான் என்கிறது அரசாணை.
பாலம் இருக்கிறதாம்.

என் வக்கீல் வரைபடத்தை விரித்து
நீலக் கோட்டை வெட்டும் கறுப்புக் கோட்டின்மேல்
விரலை ஓட்டினார்:
"காரில் பன்னிரண்டு நிமிடம், மை லார்ட்."

தடுப்பூசி முகாமுக்கு ஒருமுறை நானும் போயிருக்கிறேன்.
பனிப்பெட்டி மடியில்.
படகுக்காரன் சாப்பிட்டு வரும்வரை
ஆற்றில் நின்ற மொட்டைத் தூண்களை எண்ணினேன்.
ஒவ்வொன்றின் தலையிலும் ஒரு நாரை.
மருந்து சூடாகிறதே என்று பதறியதற்கு,
வாய் துடைத்துக்கொண்டே சொன்னான்:
"வலி கண்டவளே காத்திருக்கிறாள், டாக்டர் பாபு."

அவள் வக்கீலிடம் புகைப்படம் இருந்தது.
அதில் தேதி இல்லை.
வேறு யாருக்கேனும் ஏதும் தெரியுமா என்று
நீதிபதி கேட்கவில்லை.
கேட்கவில்லைதான்.
நான் பின்வரிசையில்
சட்டைப் பொத்தானைத் திருகிக்கொண்டிருந்தேன்.

மாலை ஐந்தோடு சேர்க்கை முடிகிறது.
மூன்றரைக்குத் தள்ளுபடி.

வாசலில், தஹிபரா வண்டியருகே
சில்லறைக்குக் கைப்பையைத் துழாவிக்கொண்டிருந்தாள்.
என்னை நிமிர்ந்து பாராமலே,
"நாலு தூணை நட்டுவிட்டு ஓடிப்போனார்கள்,
அதற்குப் பெயர் பாலம்" என்றாள்.

"ஐந்து"
என்றது என் வாய்.

பைக்குள் அவள் கை நின்றது.