சா.பொ. 1: இரட்டைக் கதவு

பள்ளத்தூர் காவல் நிலையத்தின் பின்சுவரில்
ஒன்பது வருடமாகச் சாய்ந்து நிற்கிறது
பர்மாத் தேக்கில் ஓர் இரட்டைக் கதவு.
கோர்ட்டுச் சொத்தறையின் வாசல் அதைவிடச் சிறிது,
உள்ளே கொண்டுபோக முடியவில்லை.
கட்டித் தொங்கவிட்ட அட்டையில்
குற்ற எண்ணை மழை அழித்துவிட்டது.
ஏட்டையா வண்டி நிறுத்துவது அதன் நிழலில்தான்.

அதைத் திருடியதாக என் கட்சிக்காரர்,
அடைக்கலம், த/பெ சாத்தையா.
கைதானபோது வயது முப்பத்திரண்டு.
நூற்றுப் பதினேழு வாய்தாவுக்கு
தேவகோட்டை பஸ் ஏறியவர்.
நீதிபதி மாற்றல். பி.பி. விடுப்பு.
சாட்சி வரவில்லை, வந்த அன்று கரண்ட் இல்லை.
எழுபத்து மூன்று நாள்தான் உள்ளே இருந்தார்,
மீதியெல்லாம் வெளியே.
வெளியே என்றால்
பாஸ்போர்ட் கிடையாது, பெண் கொடுக்க ஆள் கிடையாது.

தம்பி சேவுகன் சிங்கப்பூரில்
விசா முடிந்தும் தங்கிப் பிடிபட்டவன்.
இரண்டே வாரத்தில் தீர்ப்பு.
"ஒத்துக்கிறியா?"
"ஒத்துக்கிறேன்."
மொழிபெயர்த்தவர் நம் ஒரத்தநாட்டுக்காரராம்.
டாக்டர் சோதித்துக் கையெழுத்திட்ட பிறகு
மூன்று பிரம்படி.
பத்து நாள் குப்புறப் படுத்தான்,
விமானத்தில் ஏற்றி அனுப்பினார்கள்.
மறு மாதம் சித்தாள் வேலை, பிறகு கொத்தனார்,
இப்போது இரண்டு பிள்ளைகள்.
தழும்பை மனைவியைத் தவிர யாரும் பார்த்ததில்லை.
யார் பட்டது பெரிது என்று
அண்ணனும் தம்பியும் பேசிக்கொண்டதே கிடையாது.
ஒருமுறை மட்டும், குடித்திருந்த இரவில்,
"எனக்கு முடிஞ்சுபோச்சுண்ணே" என்றானாம் இவன்.
அவர் சோற்றுத் தட்டை எறிந்தாராம்.

புகார்தாரர் வயிரவன்
பினாங்கிலிருந்து காணொளியில் சாட்சி சொன்னார்.
ஊருக்கு வந்ததே ஏழு வயதில், ஒரு கல்யாணத்துக்கு.
கதவின் போட்டோவைத் திரையில் காட்டினோம்.
கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டி
"எங்க கதவாத்தான் இருக்கணும்" என்றார்.
இருக்கணும்.
அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு
வழக்கை வென்றேன்.

அன்று கடைசி பெஞ்சில் ஒரு பிரெஞ்சு அம்மாள்.
கானாடுகாத்தான் ஓட்டலில் தங்கி
வீடு வீடாகப் பார்த்துச் சலித்து
கோர்ட்டுக்கு வந்தவர். ஓய்வுபெற்ற விசாரணை நீதிபதி.
அவர் நாட்டில் பெரிய வழக்கென்றால்
நீதிபதியே தேடுவாராம்.
எதிரானதையும் சாதகமானதையும்
ஒரே கட்டில் வைத்துக் கட்டுவாராம்.
"இங்கே உண்மையைத் தேடுவது யார்?"
நானும் பி.பி.யும் கயிறு இழுப்போம்,
ஐயா நடுக்கோட்டைப் பார்த்துக்கொண்டிருப்பார் என்றேன்.
"அவர் எடுத்தாரா என்று நீ கேட்டாயா?"

கேட்டதில்லை.
நீதிபதி ஒருமுறை கேட்டார், சட்டப்படி.
ஒவ்வொரு சாட்சியமாகப் படிக்கப் படிக்க
அடைக்கலம் "பொய்ங்கய்யா, பொய்ங்கய்யா" என்றார்,
ஆஜர் பட்டியலுக்கு 'உள்ளேன்' சொல்வதுபோல.
நான் கேட்டதில்லை. தெரிந்துவிட்டால்
வாதாடும்போது நாக்கு தடுக்கும்.
அந்த அம்மாள் நோட்டில் எதையோ எழுதிக்கொண்டார்.
எனக்குப் பிரெஞ்சு தெரியாது.

எங்கள் கோர்ட்டுத் தமிழில்
குற்றம் சாட்டப்பட்டவருக்கு எதிரி என்று பெயர்.
யாருக்கு எதிரி என்று எழுதுவதில்லை.
சந்தேகத்தின் பலனை எதிரிக்கு அளித்து
விடுதலை.

படியிறங்கும்போது கேட்டார்:
"சந்தேகத்த எனக்குக் குடுத்துட்டாங்களா வக்கீலம்மா?"
"சந்தேகத்தோட பலனை."
"அப்ப சந்தேகம்?"

டீக்கடையில் கண்ணாடி கிளாசை
இரு கையாலும் பிடித்துக்கொண்டு
ஒன்பது வருடத்தில் முதல்முறையாக
என் முகத்தை நேராகப் பார்த்தார்.
"அன்னைக்கு ராத்திரிம்மா, அந்தக் கதவு..."

"வடை சூடா இருக்கு," என்றேன் அவசரமாக,
"எடுத்துக்குங்க."