நிழல் ஒன்றான நாட்கள்

எங்கள் ஆண்டுக்கு ஏழு மாதம்.
எதற்கும் நீளம் ஒன்றல்ல.
உப்புப் படியின் மூன்றாம் கல்லைக் கடல் தொட்டால்
மாதம் முடிந்தது என்று எழுதுவேன், அதுதான் என் வேலை.
ஒன்பது நாளில் முடிந்ததும் உண்டு.
அறுபத்தொன்று போனதற்கு
'இழுவை' என்றே பெயர் வைத்துவிட்டார்கள்;
மெதுவாக நடப்பவனைக் கண்டால்
இழுவையில் பிறந்தவன் என்பார்கள்.

ஏழும் தீர்ந்தபின் வருவது கணக்கில் இல்லை.
சிவப்புச் சூரியன் வெள்ளைச் சூரியனின் பின்னால் போய்விடும்.
ஆளுக்கு இரண்டாக இருந்த நிழல்
ஆளுக்கு ஒன்றாகும்.
இரண்டாவது திரும்பும்வரை நாள் எண்ணக் கூடாது.
சட்டம்.
வட்டி ஏறாது. வழக்கு நடக்காது. வயது கூடாது.
ஐந்து உறக்கம், மிஞ்சினால் ஆறு.
விழா என்று சொல்லிப் பழகிவிட்டோம்.

இந்த முறை தெற்கே ஒரு மலை இருமியது.
வானம் முழுக்கச் சாம்பல்.
யாருக்கும் ஒரு நிழலும் இல்லை.
மேடையில் கம்பை நட்டுக் காத்திருந்தார் இலிம்சே.
கம்பின் அடியில் எதுவும் விழவில்லை.
"திரும்பியதா?" என்று கீழிருந்து கத்துவேன்.
"தெரியவில்லை" என்பார்.
தெரியவில்லை என்பதற்கு
என் பேரேட்டில் பத்தி கிடையாது.

முப்பத்தெட்டு உறக்கம் என்று பின்னால் சொன்னார்கள்.
சொன்னவர்கள் எண்ணியிருக்கிறார்கள்.
எண்ணியது குற்றம்.

காற்று திசை மாறி, நிழல் இரண்டானதும்
முதல் மாதம் முதல் நாள் என்று எழுதி
மை உலர ஊதிக்கொண்டிருந்தேன்.
கெவூரா வந்தாள், பாத்தியில் உப்புக்கூடை சுமப்பவள்.
இடுப்பில் குழந்தை.
"பதியணும்."
எப்போது பிறந்தது?
"நீ எண்ணாதபோது."

விதியைச் சொன்னேன்.
இடையில் பிறந்தவர் எல்லாரும்
முதல் நாளில் பிறந்தவர்; அதாவது இன்று.
குழந்தை வெளியிமையைத் திறந்து
என்னைப் பார்த்துச் சிரித்தது.
கீழ் ஈறில் வெள்ளையாக ஒன்று.
எங்கள் பிள்ளைகளுக்கு முப்பதாவது உறக்கத்தில் முளைப்பது.
"இன்று பிறந்ததுக்கு இன்றே பல்லா?"

பிறகு கூடைக் கயிற்றை எடுத்து மேசையில் போட்டாள்.
மைக்குடுவை ஆடியது.
கயிறு முழுக்க முடிச்சு.
"ஒரு நடைக்கு ஒன்று.
இங்கே வலி எடுத்தது, இரண்டு விட்டுப்போயிருக்கும்.
இங்கே மறுபடி தூக்கினேன்.
நாளே இல்லாதபோது கூலி ஏது என்கிறார் பாத்திக்காரர்.
உப்பு மட்டும் விற்றிருக்கிறதே."

அவள் பின்னால் வரிசை, படிவரைக்கும்.
பானையில் கீறியவர்கள்,
கதவில் கரி இழுத்தவர்கள்,
பல்லிடுக்கில் எண்ணை வைத்து மென்றுகொண்டே வந்த கிழவன் ஒருவன்.
ஒத்ரான் தெருவின் கணக்கு முப்பத்தேழு.
குயவர்கள் நாற்பத்தொன்று என்றார்கள்.
உறங்காமல் கிடந்த இரவை எப்படிச் சேர்ப்பது என்று
வரிசையிலேயே கைகலப்பு.
கெவூரா திரும்பிப் பார்க்கவில்லை.

நான் என் விரல்களைப் பார்த்தேன்.
விழா நாட்களில் மூன்று முறை நகம் வெட்டினேன்.
யாரிடமும் சொல்லவில்லை.

ஏழாம் மாதத்துக்கும் முதல் மாதத்துக்கும் நடுவில்
ஊசி நுழையும் இடம்தான் இருந்தது.
தைத்த நூலை அறுத்தேன்.
ஒரு வெற்றுத்தாளைச் செருகினேன்; கோணலாக நின்றது.
மேலே இலிம்சே எதையோ கத்தினார், காதில் விழவில்லை.

இந்த மாதத்துக்கு என்ன பெயர் போடுவது என்று
பேனாவை வைத்துக்கொண்டு யோசித்தேன்.

"அது கிடக்கட்டும்" என்றாள்.
"பிள்ளை பேர் முனுவெல். எழுது.
பக்கத்தில்
கூலியும்."