நாலு இருபதுக்கு வரும் வெயில்

இருபத்திரண்டு வருஷம்
லென்ஸிலிருந்து நடிகரின் இமைவரை
டேப் பிடித்து அளந்தவன் நான்.
கேமராவில் ரிமான்தே,
கழுத்தில் லைட் மீட்டர்.
பால்டிக் கரையின் வெளிச்சத்தை
பதினேழு பேருடைய படங்களுக்குக்
கடன் வாங்கிக் கொடுத்தாள்.
அவர்கள் யாரும் வானத்தைப் பார்த்ததில்லை;
அவள் முகத்தைப் பார்த்து "சரியா?" என்பார்கள்.

பிறகு அவளே இயக்கினாள்.
முதல் நாள், க்ளைபேடா துறைமுகம்,
மூடிப்போன மீன் கிடங்கு.
க்வீதாஸ் கேட்டார்:
"இங்கே நான் ஏன் அழுகிறேன்?"
"நாலு இருபதுக்கு அந்த ஜன்னலில் வெயில் வரும்."
யாரோ சிரித்தார்கள்.
அவர் சிரிக்கவில்லை.
"வெயில் வந்தால் எனக்குக் கண் கூசும்.
அவ்வளவுதான்."

அன்று ஒன்றும் எடுக்கவில்லை.
வேனுக்குள் வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள்.
அதில் ஹீட்டர் ரிப்பேர்.

ஒன்பதாம் நாள்
செத்துப்போன தம்பியின் கையுறைகளை
அவர் மடித்து வைக்கிற காட்சி.
பாதியில் மேகம்.
"வெளிச்சம் போச்சு" என்று
புது கேமராமேன் கையைத் தூக்கினான்.
அவள் மீட்டரைக் கழற்றி
என் கையில் திணித்தாள்.
"ஓடட்டும்."
ஒற்றைக் கையுறை மிஞ்சியது.
அதன் ஜோடியைத் தேட ஆரம்பித்தார் க்வீதாஸ்,
மேஜைக்கடியில், சட்டைப் பையில்,
ஸ்கிரிப்ட்டில் இல்லாத ஒரு ஜோடியை.
நான் இருட்டில்
குத்துமதிப்பாக ஃபோகஸ் திருப்பினேன்.

வில்னியஸ் பத்திரிகையில் எழுதினார்கள்:
"ஒளிப்பதிவாளர் எடுத்த படமா?
ஒன்றுமே தெரியவில்லை."
வெட்டி ஃப்ரிட்ஜில் ஒட்டியிருக்கிறாள்,
பால் பாக்கியின் ரசீதுக்குப் பக்கத்தில்.

அந்த ஷாட்டில்
அவருடைய இடது இமை மங்கல்.
அது என் தப்பு.
எடுத்துவிடச் சொன்னேன்,
இரண்டு தடவை.