கார்த்திகைக் கச்சான்

கதையில் செத்தவன் பேசுகிறேன்.
பாம்பனில் வடகடல் பக்கம் வீடு.
இடது கையில் மூன்று விரல்.
மற்ற இரண்டை வின்ச்சு ரோப்பு எடுத்துக்கொண்டது
வேறு கதை. அதை அவர் எழுதவில்லை.

கலிபுல்லா, ஐஸ் கம்பெனிக் கணக்கர்.
பார் ஒன்றுக்கு இவ்வளவு, அரைத்துத் தந்தால் இவ்வளவு,
யார் பாக்கி, யார் படகு பிடிபட்டதால் பாக்கி,
ரசீதின் முன்பக்கம் அது.
பின்பக்கம் கதை.
ஐஸ் ஈரத்தில் மை ஊறி
ஒரு தாளில் நடந்துபோகிற பெண்
அடுத்த தாளில் கறையாக நிற்பாள்.
முதலாளிக்குத் தெரியும்.
"நம்பர் விட்டுப்போகாம எழுதுங்க" என்பதோடு சரி.

நம்மைப் பேசவைக்க அவர் பேசமாட்டார்.
தெர்மாஸ் மூடியில் டீ ஊற்றி நம் பக்கம் தள்ளுவார்.
குடித்து முடிப்பதற்குள்
வீட்டில் சொல்லாததைச் சொல்லியிருப்போம்.

அந்த வருஷத் தீபாவளி மலரில்
என் பேர் முடியப்பன்.
நிஜத்தில் நான் சந்தியாகு.
மூன்று விரல் என்னுடையது.
கோபம் வந்தால் பீடியைப் பற்றவைக்காமல்
கடித்துத் துப்புவதும் என்னுடையது.
கார்த்திகை மாசம், வடகடலில், கச்சான் காற்றில்
வள்ளம் கவிழ்ந்து
ஏழாம் பக்கத்தில் போய்ச் சேர்ந்தேன்.

மச்சினன் மூக்கையூரில்
முடிவெட்டப் போன இடத்தில் படித்துவிட்டு
முதல் பஸ்ஸில் அழுதுகொண்டே வந்தான்.
நான் வாசலில் நண்டு உடைத்துக்கொண்டிருந்தேன்.

இன்னாசியம்மா நேரே கம்பெனிக்குப் போனாள்.
"தாலி கட்டுனவனை எழுதியா கொல்லுவீக?"
ஐஸ் அரைக்கிற மிஷினை யாரோ நிறுத்திவிட்டார்களாம்,
பதிலைக் கேட்பதற்கு.
அவர் எழுந்து நின்றார். நின்றதோடு சரி.
மறுவாரம் மணியார்டர், நூற்றைம்பது.
எழுபத்தைந்தை எண்ணி என் பையில் வைத்தார்:
"உன் பங்கு."
அதில் வாங்கிய சருவச்சட்டியில்தான்
இன்றைக்கும் எங்கள் வீட்டுக் குழம்பு.

ஒரே ஒரு தடவை கேட்டேன்:
"இன்னொரு கதையில என்னைக் கரையேத்தி விடக்கூடாதா?"
"ஏறி வந்து என்ன செய்வான்?"
யோசித்தேன்.
வலைக்கடன். மகள் கல்யாணம். மறுபடி கடல்.
சொல்லும்படி ஒன்றும் இல்லை.

தோற்ற எரிச்சலில் சொன்னேன்:
"கரையில இருந்துக்கிட்டு காத்தைத் தப்பா எழுதிட்டீக.
கார்த்திகையில ஏது கச்சான்? வாடையில்ல அடிக்கும்.
சின்னப்பயகூடச் சிரிப்பான்."
மூடியைத் துடைத்துத் திருகிக்கொண்டே
"சிரிக்கட்டும்" என்றார்.

பதினோரு வருஷம் ஆகிறது
அவர் சந்தூக்குக்குத் தோள் கொடுத்து.
மூன்று விரலால் பிடித்தது
மூன்று நாள் வலித்தது.

போன வாரம் அவர் மகள் போன் பண்ணினாள்.
எல்லாக் கதையும் ஒரே புத்தகமாக வருகிறதாம்,
மதுரையில் அச்சாகிறதாம்,
பிழை திருத்துகிறவர் ஒன்று கண்டுபிடித்தாராம்.
"காத்து தப்பா இருக்காம் மாமா,
அத்தா கவனிக்கல போல.
வாடைன்னு மாத்திரட்டுமா?"

சிக்னலுக்காக வெளியே வந்து நின்றேன்.
கார்த்திகைதான்.
வடகடல் சேறாகக் கலங்கிக் கிடந்தது.
படகுகளைத் தென்கடலுக்குக் கொண்டுபோய்விட்டார்கள்.
வாடை, கைலியைக் காலோடு சுற்றி இழுத்தது.
இந்தக் காற்றில்தான்
மரியதாசன் போனான். அவன் தம்பி போனான்.
இந்தக் காற்றில்தான் ஆள் போவான்.

அவர் எழுதிய காற்று
எந்தக் கார்த்திகையிலும் வந்ததில்லை.

பட்டணத்தில் படித்தவர்கள் அழுதார்கள்.
கடல் தெரிந்த எவன் படித்தாலும்
சொல்லிவிடுவான்,
இந்த ஆள் சாகவில்லை என்று.

"மாத்தாதே தாயி."

"ஏன் மாமா?"

காற்று இரைச்சலில்
கேட்காததுபோல் இருந்துவிட்டேன்.