பழைய எண்

நஸீப் கௌரின் மேல்முறையீடு தோற்கவில்லை;
யாரும் அதைக் கேட்கவே இல்லை.
முன்வைப்புத் தொகை கட்டாததால் தள்ளுபடி.
நாடாவில் சுற்றிக் கீழ்த்தளத்துக்கு அனுப்பியவன் நான்.

இரண்டு பனிக்காலம் கழித்து
லூதியானாவின் முதல் பேருந்தில்
சண்டிகருக்கு வந்து நின்றார்.
கையில் வங்கிச் சலான்,
அதன் மடிப்பில் பச்சைக் கம்பளி இழை ஒன்று.

"தாமதத்துக்குக் காரணம்?"

வக்கீல் முன்தீர்ப்புகளைப் புரட்டிக்கொண்டிருக்க
அவர் முந்திக்கொண்டார்:
"எட்டுப் பின்னல் இயந்திரம் இருந்தது, ஐயா.
ஏழை விற்றுத்தான் கட்டினேன்."

அந்த எட்டும் பின்னவே பின்னாத
ஸ்வெட்டர்களுக்குத்தான் வரி கேட்டிருந்தார்கள்.
அதைப் பேச அன்று நேரமில்லை,
அன்றைய கேள்வி அதுவுமில்லை.

உறுப்பினர் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டார்.
"பழைய எண்ணிலேயே மீட்கப்படுகிறது.
விசாரணை மார்ச்சில்."
நஸீப் கௌர் கைகூப்பினார்,
ஜெயித்துவிட்டதாக நினைத்திருப்பார் போல.
வக்கீல் காதில் ஏதோ சொன்னதும்
கைகள் மெல்லப் பிரிந்தன.

கீழ்த்தளத்தில் முடிச்சு இறுகிக் கிடந்தது,
நானே போட்டது.
நகம் தோற்றுப் பல்லால் அவிழ்த்தேன்.
அட்டை முழுக்க என் பெரிய எழுத்தில் 'தள்ளுபடி'.
அதை அடித்தேன்.
வேறெழுத இடமில்லை.
ஓரமாக, சின்னதாக எழுதினேன்:
நிலுவை.